ஒரே கணினி, நான்கு கைகள்: இருவர் விளையாட எதை வாங்கலாம், எதை விடலாம்

கணினி ஒன்று, விளையாடுபவர் இரண்டு. இந்தக் கணக்குக்குக் காசை முதலில் போட வேண்டிய இடம் கண்ட்ரோலர். கிராஃபிக்ஸ் கார்டு அப்புறம்தான். கடைக்குப் போனால் இதைத் தலைகீழாகத்தான் கேட்க நேரிடும். இருவர் சேர்ந்து விளையாடும் நல்ல கேம்கள் பல, ஐந்தாறு வருடப் பழைய மடிக்கணினியிலேயே சுகமாக ஓடும். விளையாட முடியாமல் மூடி வைப்பதற்குப் பெரும்பாலும் காரணம், இரண்டாவது ஆள் அழுத்தும் பொத்தான் கேமுக்குப் போய்ச் சேராததே. அதனால் கையில் பிடிக்கும் பொருளில் இருந்து தொடங்குவோம். கேம்களைப் பற்றிப் பிறகு பேசலாம்.

ஒரே கீபோர்டில் இருவர்

செலவே இல்லாத வழி இது. ஆறேழு வயதுப் பிள்ளைகளுக்கு ஆரம்பம் என்றால் ‘ஃபயர்பாய் அண்ட் வாட்டர்கேர்ள்’ போதும். ஃபிளாஷ் காலத்து கேம். ஃபிளாஷ் 2020 டிசம்பர் 31-உடன் நின்றுபோனாலும் இது உலாவியில் நேரடியாக ஓடும் வடிவில் இன்னும் கிடைக்கிறது. ஒருவருக்கு அம்புக்குறி விசைகள், இன்னொருவருக்கு ஏ, டபிள்யூ, டி. ஆளுக்கு மூன்றே விசை. எதையும் நிறுவ வேண்டாம், கணக்குத் திறக்க வேண்டாம்.

இங்கே வழக்கமாக எழும் சண்டை: “நான் குதிச்சேன், அது குதிக்கலை!” பிள்ளை பொய் சொல்லவில்லை. கீபோர்டின் உள்ளே ஒவ்வொரு விசைக்கும் தனிக்கம்பி கிடையாது. வரிசையும் பத்தியுமாக வலைபோல் பின்னியிருப்பார்கள். இரண்டு வரிசையும் இரண்டு பத்தியும் வெட்டிக்கொள்ளும் நான்கு மூலைகளில் மூன்றை ஒரே சமயத்தில் அழுத்தினால், நான்காவதும் அழுத்தப்பட்டதா இல்லையா என்று உள்ளே இருக்கும் சில்லுக்குத் தெரியாது. பொய்யான எழுத்து வந்துவிடக் கூடாதே என்று மூன்றாவது விசையை அது விழுங்கிவிடும். தனியாக ஆடும்போது இது தெரியாது. நான்கு கைகள் இறங்கியதும் ஐந்து நிமிடத்தில் தெரிந்துவிடும்.

விசைக்கு ஒரு டையோடு (மின்சாரத்தை ஒரே திசையில் விடும் சிறு பாகம்) வைத்த விலை உயர்ந்த கேமிங் கீபோர்டில் இந்தத் தொல்லை இல்லை. ஆனால் அதை வாங்கத் தேவையில்லை. இருப்பதிலேயே மலிவான இன்னொரு யூஎஸ்பி கீபோர்டைச் செருகினால் போதும். விண்டோஸ் இரண்டையும் ஒன்றாகவே பார்க்கும், கேமுக்கும் வித்தியாசம் தெரியாது. ஆனால் வலை இரண்டு தனித்தனி வலை ஆகிவிடுவதால் ஒருவர் விசை மற்றவர் விசையை அடைக்காது. முழங்கை இடிக்காமல் தள்ளி உட்காரவும் முடியும். மடிக்கணினி வைத்திருப்பவர்களுக்கு இதைவிடச் சிக்கனமான மேம்பாடு கிடையாது.

ஷிஃப்ட், கன்ட்ரோல், ஆல்ட் ஆகியவற்றுக்குப் பெரும்பாலான கீபோர்டுகளில் தனிப்பாதை உண்டு, அவை அடைபடுவதில்லை. அதனால்தான் பழைய இருவர் கேம்கள் அவற்றைச் சுடும் பொத்தானாக வைத்தன. அதில் வேறொரு வம்பு. ஷிஃப்டை ஐந்து முறை தொடர்ந்து தட்டினால் ‘ஸ்டிக்கி கீஸ்’ பெட்டி எழும்பி கேமைப் பின்னுக்குத் தள்ளிவிடும். செட்டிங்ஸ், அக்சஸிபிலிட்டி, கீபோர்டு என்று போய் அந்தக் குறுக்குவிசையை முன்கூட்டியே அணைத்துவிடுங்கள்.

மவுஸ் விஷயத்தில் இந்த வித்தை பலிக்காது. இரண்டு மவுஸ் செருகினாலும் திரையில் ஒரே சுட்டிதான் ஓடும்; இருவரும் அதையே இழுத்துக்கொண்டிருப்பார்கள். ஆக, கீபோர்டும் மவுஸும் ஓர் ஆளுக்கு மட்டும். அடுத்தவருக்குக் கண்ட்ரோலர் வேண்டும்.

எந்தக் கண்ட்ரோலர்?

விண்டோஸில் கண்ட்ரோலர்கள் இரண்டு பாஷை பேசும். ஒன்று எக்ஸ்இன்புட், மற்றது பழைய டைரக்ட்இன்புட். கடந்த பத்துப் பதினைந்து ஆண்டுகளில் வந்த கேம்களில் பெரும்பாலானவை முதல் பாஷையைத்தான் எதிர்பார்க்கின்றன. எக்ஸ்இன்புட்டில் மொத்தம் நான்கு இடம் உண்டு, இருவருக்குத் தாராளம்.

எக்ஸ்பாக்ஸ் கண்ட்ரோலர்: கண்ணை மூடிக்கொண்டு வாங்கலாம். செருகியதும் வேலை செய்யும். 2020-க்குப் பிந்தைய மாடலில் ஷேர் பொத்தானும் யூஎஸ்பி-சி வாயும் இருக்கும். இரண்டு ஏஏ பேட்டரி. இதைக் குறையாகச் சொல்பவர்கள் உண்டு. உண்மையில் அது வசதி. நான்கு ரீசார்ஜ் பேட்டரி வாங்கி இரண்டை மாட்டி இரண்டைச் சார்ஜில் வைத்தால் ஆட்டம் நிற்காது, உள்ளே ஒட்டிய பேட்டரி செத்து மொத்தக் கண்ட்ரோலரையும் தூக்கிப்போடும் நாளும் வராது. பழையது வாங்குகிறவர்கள் நடுவில் உள்ள எக்ஸ்பாக்ஸ் பொத்தானைச் சுற்றிப் பாருங்கள். அந்தப் பகுதி மேல்விளிம்புப் பொத்தான்களோடு சேர்ந்த பளபளப்புப் பிளாஸ்டிக்காக இருந்தால் அதில் புளூடூத் இல்லை. முகப்பின் அதே பிளாஸ்டிக்காகத் தொடர்ந்து வந்தால் புளூடூத் உண்டு. விற்பவரிடம் கேட்பதைவிட இது நம்பகமானது.

வீட்டில் ஏற்கெனவே பிளேஸ்டேஷன் 5 இருந்தால் அதன் டூயல்சென்ஸ் கண்ட்ரோலரையே பயன்படுத்தலாம். கிரியேட் பொத்தானையும் பிஎஸ் பொத்தானையும் சேர்த்துப் பிடித்தால் விளக்கு மினுக்கும், புளூடூத்தில் இணையும். ஆனால் எக்ஸ்இன்புட் மட்டும் தெரிந்த கேமுக்கு இது கண்ணிலேயே படாது. கணினி கேம்களை விற்றுத் திறந்தும் தரும் ஸ்டீம் செயலி வழியாகத் திறந்தால் ஸ்டீம் நடுவில் நின்று மொழிபெயர்த்துவிடும். வேறு கடையில் வாங்கிய கேமை ஸ்டீமில் ‘ஆட் எ நான்-ஸ்டீம் கேம்’ என்று சேர்த்துத் திறந்தால் பெரும்பாலும் சரியாகும். இதே மொழிபெயர்ப்பு வேலைக்காக டிஎஸ்4விண்டோஸ் என்ற மென்பொருளை நிறுவியிருந்தால் இரண்டில் ஒன்றை மட்டும் வைத்துக்கொள்ளுங்கள். இரண்டும் ஒரே நேரத்தில் மொழிபெயர்த்தால் ஒரு கண்ட்ரோலர் இரண்டாகத் தெரியும். நீங்கள் ஓர் அடி நடந்தால் இரண்டு ஆட்டக்காரர்களும் நடப்பார்கள். “கேம் பழுது” என்று வரும் புகார்களில் நிறைய இதுதான்.

கைச்செலவு இடிக்கிறது என்றால் 8பிட்டோ அல்டிமேட் 2சி. எக்ஸ்பாக்ஸ் கண்ட்ரோலரின் விலையில் ஏறக்குறைய பாதி. டோங்கிள் (கம்பியில்லாமல் இணைக்க யூஎஸ்பி வாயில் செருகும் சிறு துண்டு) கூடவே வரும். கட்டைவிரலால் தள்ளும் ஸ்டிக்குகள் ஹால் எஃபெக்ட் வகை, காந்தத்தால் அளப்பவை. சாதாரண ஸ்டிக்கில் கார்பன் தடத்தின்மேல் ஒரு முனை உரசிக்கொண்டே இருக்கும், தேய்ந்ததும் கை வைக்காமலே ஆள் தானாக நகரத் தொடங்குவான். காந்த ஸ்டிக்கில் உரசல் இல்லை, அந்தத் தேய்மானமும் இல்லை. குடும்பத்தில் வைத்துப் புழங்குவதற்கு இந்த ஒரு குணம் போதும். 8பிட்டோவின் பழைய மாடல்களில் மட்டும் ஒரு எச்சரிக்கை: எந்தப் பொத்தானைப் பிடித்துக்கொண்டு இயக்குகிறோமோ அதைப் பொறுத்து அது வேறு கருவியாக மாறும். ஸ்டார்ட்டும் எக்ஸும் சேர்த்தால்தான் விண்டோஸுக்கான எக்ஸ்இன்புட். ஸ்டார்ட்டும் ஒய்யும் போட்டுவிட்டால் நின்டெண்டோ ஸ்விட்ச் என்று நடிக்கும்.

ஒரே யூஎஸ்பி முனையில் இரண்டு கண்ட்ரோலர் தொங்கும் ‘ட்வின்’ செட் ஆசை காட்டும். வேண்டாம். அது டைரக்ட்இன்புட் ஜாதி. பழைய கேம்களுக்கும், பழைய கேம் கருவிபோல் நடிக்கும் எமுலேட்டர் மென்பொருளுக்கும் சரி. கீழே சொல்லப்போகும் கேம்களில் பலவற்றுக்கு அது இருப்பதே தெரியாது.

கோலாலம்பூரில் லோயாட் பிளாசா, பினாங்கில் கொம்தாரை ஒட்டிய பிராங்கின் மால் என்று நேரில் போய் வாங்குவதில் ஒரு லாபம் உண்டு: கடைக்காரரின் கணினியில் செருகிப் பார்க்கச் சொல்லலாம். விண்டோஸ் தேடலில் ‘செட் அப் யூஎஸ்பி கேம் கண்ட்ரோலர்ஸ்’ என்று அடித்து, ப்ராபர்ட்டீஸ் திறந்து, இரண்டு ஸ்டிக்கையும் முழுவட்டம் சுற்றிவிட்டு விடுங்கள். கூட்டல் குறி நடுவுக்குத் திரும்பி அசையாமல் நிற்க வேண்டும். கம்பியில்லாக் கருவி என்றால் பெட்டியில் எம்சிஎம்சி (மலேசியத் தொடர்பு, பல்லூடக ஆணையம்) முத்திரை இருக்கிறதா என்று பாருங்கள். இந்நாட்டில் விற்க அனுமதி பெற்றதற்கு அது அடையாளம். அது இல்லாத பெட்டிக்கு உள்ளூர் உத்தரவாதம் உண்டா என்று எழுத்தில் கேளுங்கள். ரசீதைப் பத்திரப்படுத்துங்கள். பயனீட்டாளர் நடுவர் மன்றத்தில் மனு போட 5 வெள்ளி (ரிங்கிட்)தான் கட்டணம், ரசீது இல்லாமல் அங்கே வாதாடுவது கடினம்.

கம்பி, டோங்கிள், புளூடூத்

மூன்று மீட்டர் கேபிள் இரண்டு வாங்கிக் கம்பியிலேயே ஆடினால் இந்தப் பகுதியைத் தாண்டிப் போய்விடலாம். தாமதம் குறைவு, பேட்டரிக் கவலை இல்லை. சிறுபிள்ளைகள் குறுக்கே ஓடும் வீடு என்றால் மட்டும் கம்பி ஆபத்து. கால் தடுக்கினால் மடிக்கணினியும் சேர்ந்து கீழே வரும்.

கம்பியில்லாமல் ஆடுகிறவர்களுக்கு எதிரி 2.4 கிகாஹெர்ட்ஸ் நெரிசல். டோங்கிள், புளூடூத், பழைய வைஃபை எல்லாம் அதே சந்தில்தான் நடமாடுகின்றன. செந்தூலிலோ ஆயர் ஈத்தாமிலோ அடுக்குமாடியில் உட்கார்ந்து வைஃபை பட்டியலைத் திறந்தால் இருபது பெயர் தெரியும். அவற்றில் 2.4-இல் ஓடுபவை எல்லாம் உங்கள் கண்ட்ரோலரோடு முட்டி மோதுகிறவை. கணினியை வைஃபையின் 5 கிகாஹெர்ட்ஸ் அலைக்கு மாற்றுங்கள், அல்லது லேன் கேபிள் போடுங்கள். அடுத்து, யூஎஸ்பி 3.0 வாயில் வெளி ஹார்டு டிஸ்க் இருந்தால் பக்கத்து வாயில் டோங்கிளைச் செருகாதீர்கள். யூஎஸ்பி 3.0 ஓடும்போது அதே 2.4 பகுதியில் இரைச்சல் கிளப்பும். ஒரு மீட்டர் யூஎஸ்பி நீட்டிப்புக் கம்பியில் டோங்கிளை மாட்டி மேசைமேல் கண்ணுக்குத் தெரிகிற இடத்தில் வைத்தால் பாதி வியாதி போய்விடும். மேசைக் கணினியின் பின்புறம் செருகினால் நடுவில் இரும்புப் பெட்டியே சுவராக நிற்கிறது, அதையும் மறக்க வேண்டாம்.

புளூடூத்தில் இரண்டு கண்ட்ரோலரோடு புளூடூத் ஹெட்போனையும் சேர்த்துக் கட்டினால் திக்கும். சத்தத்தைத் தொலைக்காட்சிக்கே விட்டுவிடுங்கள். இரண்டும் எக்ஸ்பாக்ஸ் என்றால் மைக்ரோசாஃப்டின் கம்பியில்லா அடாப்டர் ஒன்று போதும், எட்டு கண்ட்ரோலர் வரை தாங்கும்.

கேம்கள்

ஸ்டீமில் ஒரு கேமின் பக்கத்தைத் திறந்தால் வலப்புறம் சிறு பட்டியல் இருக்கும். அங்கே ‘ஷேர்டு/ஸ்ப்ளிட் ஸ்கிரீன்’ என்ற சொல் இருக்க வேண்டும். வெறும் ‘ஆன்லைன் கோ-ஆப்’ என்றால் ஆளுக்கு ஒரு கணினி, ஆளுக்கு ஒரு பிரதி. இதைப் பார்க்காமல் வாங்கிவிட்டு நொந்துகொள்வதுதான் இந்தத் துறையில் முதல் பாடம்.

‘இட் டேக்ஸ் டூ’ (2021) முதலிடம். தனியாக ஆடவே முடியாத கேம். சுவீடனின் ஹேஸ்லைட் ஸ்டூடியோ செய்தது, அந்த வருடம் தி கேம் அவார்ட்ஸில் ஆண்டின் சிறந்த கேம் விருது பெற்றது. ஒருவர் கையில் ஆணி, மற்றவர் கையில் சுத்தியல். ஒருவர் ஆணியை எறிந்து நட்டால் மற்றவர் அதில் தொங்கிக் கடக்க வேண்டும். அடுத்த அத்தியாயத்தில் அந்தக் கருவியையே பிடுங்கிக்கொண்டு வேறு ஒன்றைக் கொடுப்பார்கள். சலிப்பதற்கு நேரமே கொடுக்காது. முடிக்கப் பன்னிரண்டு முதல் பதினான்கு மணி நேரம். ஒருவர் கீபோர்டு மவுஸ், மற்றவர் கண்ட்ரோலர் என்று கலந்தும் ஆடலாம். ஸ்டீமில் வாங்கினாலும், வெளியீட்டாளரான ஈஏவின் கணக்கு கேட்கிறதா என்று விருந்தாளி வரும் முன்பே பார்த்துவிடுங்கள். சுமார் 50 ஜிபி இடம் பிடிக்கும்.

இரண்டு எச்சரிக்கை. இதுவரை கண்ட்ரோலர் தொடாதவருக்கு, இடது ஸ்டிக்கில் நடந்துகொண்டே வலது ஸ்டிக்கில் பார்வையைத் திருப்புவது முதல் இரண்டு மணி நேரத்துக்குப் பெரும்பாடு. பக்கத்தில் இருப்பவர் பொறுமைசாலியாக இருக்க வேண்டும். இன்னொன்று, கதை விவாகரத்தை நோக்கிப் போகும் கணவன் மனைவி பற்றியது. அதில் ஒரு பொம்மை யானை வரும் காட்சி பெரியவர்களையே நெளிய வைக்கும். பெட்டியின் படத்தைப் பார்த்துச் சிறுபிள்ளைக் கேம் என்று நினைத்து வாங்காதீர்கள். அதே ஸ்டூடியோவின் ‘ஸ்ப்ளிட் ஃபிக்‌ஷன்’ (2025) இன்னும் பிரமாண்டம். ஆனால் கணினியும் அதற்கேற்ப வலுவாக இருக்க வேண்டும். முதலில் ‘இட் டேக்ஸ் டூ’வை முடியுங்கள்.

‘ஓவர்குக்டு 2’ சமையல் கேம். மதியம் பன்னிரண்டரைக்கு நாசி கண்டார் கடைக்குள் நின்றவர்களுக்கு இதன் பதற்றம் புதிதல்ல. எடுக்க ஒரு பொத்தான், வெட்ட ஒன்று, ஓட ஒன்று. அவ்வளவே. பார்வையைத் திருப்பும் வேலை இல்லாததால் அம்மா, அப்பா, பாட்டி யாரும் பத்து நிமிடத்தில் ஏறிவிடுவார்கள். ஒரே கண்ட்ரோலரை இருவர் ஆளுக்குப் பாதியாகப் பிடித்தும் ஆடலாம். கை பெரியவர்களுக்கு அது தண்டனை, அவசரத்துக்கு ஓகே. மூன்று நட்சத்திரம் வாங்கும் ரகசியம் கைவேகத்தில் இல்லை, வேலையைப் பிரிப்பதில்தான். ஒருவர் வெட்டவும் எறியவும், மற்றவர் அடுப்பும் பாத்திரம் கழுவுவதும். இருவரும் எல்லாம் செய்யப் போனால் நடுவழியில் முட்டிக்கொள்வார்கள். பாகம் 2-இல் பச்சைப் பொருளைத் தூக்கி எறியலாம் என்பதை மறந்து நடந்தே கொண்டுபோய்க் கொடுப்பது புதியவர்களின் வழக்கமான தவறு. சிறுவர் இருக்கும் வீட்டுக்கு இரண்டு பாகங்களும் சேர்ந்த ‘ஆல் யூ கேன் ஈட்’ பதிப்பு மேல். நேரத்தைக் கூட்டித்தரும் உதவிமுறை அதில் இருக்கிறது.

‘கப்ஹெட்’ (2017) கண்ணுக்கு விருந்து, கைக்குச் சிறை. 1930-களின் கார்ட்டூன் போலக் கையால் வரைந்தது. பழைய கணினியும் தாங்கும். இருவர் ஆடினால் சுலபம் என்று நினைப்பது பொய்: இருவர் என்றதும் எதிரியின் உயிரும் கூடிவிடும், திரையும் குண்டுகளால் நிறைந்து யார் எங்கே என்று தெரியாது. ஒருவர் செத்தால் ஆவி மேலே மிதந்து போகும். திரையை விட்டு மறைவதற்குள் மற்றவர் குதித்து, காற்றிலேயே மறுபடி குதிப்பொத்தானைத் தட்டி அதை மீட்கலாம். இந்த ஒரு வித்தை தெரியாமல்தான் பலர் முதல் பூதத்திலேயே கைவிடுகிறார்கள். எளிய நிலையில் வென்றால் கதை முன்னேறிக் கடைசிவரை போகாது என்பதும் முதலிலேயே தெரிந்திருக்க வேண்டும். கோபக்காரர்கள் ஜோடியாக ஆட வேண்டாம்.

‘ஸ்டார்டியூ வேலி’யில் இருவர் ஆடும் பிளவுத்திரை 2020 டிசம்பரில் வந்த 1.5 பதிப்பில்தான் சேர்ந்தது. விவசாயம், மீன்பிடி, சுரங்கம். அவசரமே இல்லாத கேம். இரண்டாமவருக்கு வயலில் ஒரு குடிசை இருக்க வேண்டும். புதிய வயல் தொடங்கும்போதே குடிசையோடு தொடங்கலாம், பழைய வயலில் என்றால் தச்சர் ராபினிடம் கட்டச் சொல்ல வேண்டும். குடிசை ஆனதும் ஆப்ஷன்ஸ் பக்கத்தில் ‘ஸ்டார்ட் லோக்கல் கோ-ஆப்’ அழுத்தி, இரண்டாவது கண்ட்ரோலரில் ஸ்டார்ட் தட்டுங்கள். குடிசை இல்லாமல் பொத்தானைத் தேடிக்கொண்டிருப்பவர்கள் நிறைய. ஒருவர் பை திறந்து பார்த்துக்கொண்டிருந்தாலும் கடிகாரம் நிற்காது, தனியாக ஆடியவர்களுக்கு இது அதிர்ச்சி. ஒருவர் மட்டும் படுத்தால் நாள் முடியாது, நாள் முடிந்தால்தான் சேமிக்கும். சாப்பாடு தயார் என்று கூப்பிட்டதும் எழுந்துபோய் அணைத்தால் அன்றைய உழைப்பு போச்சு. 15 அங்குல மடிக்கணினியில் எழுத்து எறும்பு போலிருக்கும். ஆப்ஷன்ஸில் ஜூமையும் யூஐ (மெனு, எழுத்து) அளவையும் தனித்தனியே மாற்றலாம்.

‘போர்டல் 2’ (2011) வயதானாலும் வாடாத கேம். இருவருக்கென்றே தனிக் கதைப்பகுதி, இரண்டு ரோபோக்கள், நான்கு துளைகள். தள்ளுபடியில் மிக மலிவாகக் கிடைக்கும். திரையைப் பிரித்து முதல்நபர் பார்வையில் ஆடும்போது சிலருக்குத் தலை சுற்றும், அவர்களுக்கு இது ஒத்துவராது. ‘அன்ராவல் டூ’வில் (2018) நூலால் இணைந்த இரண்டு பொம்மைகள், கடக்க முடியாத இடத்தில் ஒன்று மற்றொன்றின் மேல் ஏறிக்கொள்ளலாம் என்பதால் அப்பாவும் ஏழு வயது மகளும் ஆட ஏற்றது. ‘அன்டைட்டில்டு கூஸ் கேம்’ இரண்டு வாத்து, ஒரு கிராமம், ஒரே அட்டகாசம். ஒரு மாலைக்குச் சரி. ‘ராக்கெட் லீக்’ இலவசம். கால்பந்துக்கு ஈஏ எஃப்சியின் கிக் ஆஃப் பகுதியே போதும், இருவர் வீட்டில் ஆடுவதற்காக வருடாவருடம் புதுப் பதிப்பு வாங்குவது வீண்.

‘பால்டர்ஸ் கேட் 3’ பற்றிப் பலர் கேட்கிறார்கள். கணினியில் பிளவுத்திரை உண்டு, ஆனால் இருவர் கையிலும் கண்ட்ரோலர் இருந்தாக வேண்டும். ஒருவர் மவுஸ் என்ற பேச்சே இல்லை. 150 ஜிபி எஸ்எஸ்டி இடமும் வேண்டும். நூறு மணி நேரம் சேர்ந்து உட்காரும் ஜோடிக்கு மட்டும்.

கணினிக்கு எங்கே வலிக்கும்

கப்ஹெட் போல ஒரே காட்சியில் இருவரும் நிற்கும் கேமுக்கு ஆள் கூடியதால் பாரம் கூடாது. திரையைப் பிரிக்கும் கேம் வேறு. புள்ளிகளின் மொத்த எண்ணிக்கை அதேதான். ஆனால் உலகத்தை இரண்டு கோணத்தில் இரண்டு முறை அடுக்க வேண்டியிருக்கிறது. அந்தச் சுமை பெரும்பாலும் சிபியூ தலையில் விழும். அதனால் ரெசல்யூஷனைக் குறைத்தால் எதிர்பார்த்த பலன் கிடைக்காது. நிழல், தூரக்காட்சி, புல் ஆகியவற்றைக் குறையுங்கள்.

தனி கிராஃபிக்ஸ் கார்டு இல்லாத மடிக்கணினி என்றால் ரேம் எத்தனை பட்டையாக இருக்கிறது என்று பாருங்கள். ஒரே 8 ஜிபி பட்டை இருந்தால் பக்கத்துக் காலி இடத்தில் இன்னொரு 8 ஜிபி போடுங்கள். உள்கட்டிய கிராஃபிக்ஸ் அந்த ரேமையே பயன்படுத்துவதால் பாதை இரட்டிப்பாகும். ஒரு பட்டையில் தத்தளித்த கேம் இரண்டில் நிமிர்ந்து நடக்கும். போர்டோடு ஒட்டிய ரேம் உள்ள மெல்லிய மாடல்களில் இது முடியாது. வாங்கும் முன் கேளுங்கள். நம் ஊர் வெப்பத்தில் மெத்தைமேல் வைத்து ஆடினால் அரை மணியில் கணினி தானே வேகத்தைக் குறைத்துக்கொள்ளும். கட்டைமேசை, அதன் மேல் சின்ன விசிறி, போதும்.

தொலைக்காட்சியில் இணைத்ததும் கேம் மோடைப் போடுங்கள். இல்லையென்றால் டிவி படத்தை அழகுபடுத்தும் நேரம் உங்கள் பொத்தான் தாமதமாகத் தெரியும். ஆடத் தெரியாதவள் கூடம் கோணல் என்ற கதை எப்போதும் இல்லை, சில நேரம் கூடம் நிஜமாகவே கோணல்தான். விண்டோஸ் விசையும் பியும் அழுத்தி ‘செகண்ட் ஸ்கிரீன் ஒன்லி’ தேர்ந்தெடுங்கள். சத்தம் மடிக்கணினியிலேயே வந்தால் டாஸ்க்பாரின் ஒலிக்குறியில் டிவிக்கு மாற்றுங்கள்.

இலவச மென்பொருள் ஒன்றும், தூரத்து நண்பரும்

பிளவுத்திரையே இல்லாத கேமை இருவர் ஆட வைக்க நியூக்ளியஸ் கோ-ஆப் என்ற திறந்தமூல மென்பொருள் உண்டு. விண்டோஸுக்கு மட்டும். கேமை இரண்டு முறை திறந்து, ஒவ்வொன்றையும் அரைத்திரையில் பொருத்தி, கண்ட்ரோலர்களைப் பிரித்துக் கொடுத்து, உள்வலை வழியாக இரண்டையும் கோத்துவிடும். ஒவ்வொரு கேமுக்கும் ‘ஹேண்ட்லர்’ என்ற தனிக் குறிப்புக்கோப்பு வேண்டும். அது இல்லாத கேமில் முயல வேண்டாம். புரோகிராம் ஃபைல்ஸிலோ ஒன்டிரைவ் ஒத்திசைக்கும் டெஸ்க்டாப்பிலோ விரிக்காமல் தனி ஃபோல்டரில் வையுங்கள். வைரஸ் தடுப்பான் கூச்சல் போடும். அதிகாரப்பூர்வக் கிட்ஹப் பக்கத்தைத் தவிர வேறெங்கிருந்தும் இறக்காதீர்கள். இங்கே பாரம் உண்மையிலேயே இரண்டு மடங்கு என்பதால் 16 ஜிபி ரேம் இல்லாமல் இறங்குவது வீண். ஏமாற்றுத் தடுப்பு ஓடும் ஆன்லைன் கேம்களில் கை வைக்கவே கூடாது, கணக்கு போய்விடும். வித்தை தெரிந்தவருக்கு அருமையான கருவி. “செருகினால் ஓடணும்” என்பவருக்குத் தலைவலி.

ஒருவர் கோலாலம்பூரில், மற்றவர் ஜார்ஜ் டவுனில் என்றால் ஸ்டீமின் ரிமோட் ப்ளே டுகெதர் உதவும். கேம் ஒருவரிடம் இருந்தால் போதும். ஆட்டத்தின் நடுவே ஷிஃப்டும் டேபும் அழுத்தி நண்பர் பட்டியலில் இருந்து அழைக்கலாம். அழைக்கப்பட்டவருக்குப் படமாகத்தான் வரும், அவர் அழுத்தும் பொத்தான் திரும்பி வரும். ஆகவே அழைப்பவரின் அப்லோட் வேகமும் லேன் கேபிளும் முக்கியம். ஓவர்குக்டு தாங்கும். கப்ஹெட் தாங்காது.

கடைசியாக ஸ்டீமின் பணம் திருப்பும் விதி: வாங்கிய 14 நாளுக்குள், ஆடியது 2 மணி நேரத்துக்குள். அதனால் புதிய கேமை வாங்கியதும் கதையில் இறங்க வேண்டாம். இரண்டு கண்ட்ரோலரையும் செருகுங்கள், யார் முதல் ஆள் யார் இரண்டாம் ஆள் என்று சரிபாருங்கள், ஒன்றைப் பிடுங்கி மறுபடி செருகினால் இடம் மாறாமல் திரும்பி வருகிறதா என்று பாருங்கள். இதற்கு இருபது நிமிடம் போதும். மெனுவில் நிற்கும் நேரமும் அந்த இரண்டு மணிக் கணக்கில் சேரும்.